நீங்கள் இல்லாதபோது பிறந்த ஜீவனாம்ச உத்தரவு: அதை எதிர்ப்பது எப்படி?

தங்கள் மீது ஒரு ஜீவனாம்ச உத்தரவு இருப்பதே பலருக்குப் பிடியாணையோடு காவலர் வாசலில் வந்து நிற்கும்போதுதான் தெரிகிறது. “சம்மனே வரவில்லையே, என்னைக் கேட்காமல் எப்படித் தீர்ப்பு சொன்னார்கள்?” என்று பதறிப்போய் வழக்கறிஞர் அலுவலகத்துக்கு ஓடி வருகிறார்கள். அந்தப் பதற்றத்தில் அவர்கள் பேசுவது பெரும்பாலும் மனைவியைப் பற்றியும் தொகையைப் பற்றியும்தான். இரண்டுமே பிறகு பார்க்க வேண்டியவை. நீதிமன்றம் முதலில் கேட்கப்போவது ஒன்றே ஒன்று: நீங்கள் ஏன் வரவில்லை? அதற்கு நேர்மையான பதிலும், அதைக் காட்டும் தாளும் உங்களிடம் இருந்தால் கதவு திறக்கும்.

இந்தியாவில், குறிப்பாகத் தமிழ்நாட்டு நீதிமன்றங்களில், முதல்முறையாக இப்படி ஒரு உத்தரவை எதிர்கொள்பவர்களுக்காக இதை எழுதுகிறேன். உத்தரவைப் பெற்ற பெண்கள் என்ன செய்ய வேண்டும் என்பதற்கும் பின்னால் ஒரு பகுதி உண்டு.

முதலில் ஒரு சந்தேகத்தைத் தீர்த்துக்கொள்ளுங்கள். “எக்ஸ்பார்ட்டி (ஒருதலைப்பட்சம்) ஆகிவிட்டது” என்று நீதிமன்ற வளாகத்தில் சொல்வது இரண்டு வேறு நிலைகளைக் குறிக்கும். ஒரு வாய்தாவுக்கு நீங்கள் வராததால் உங்களை ‘செட் எக்ஸ்பார்ட்டி’ என்று குறித்துவிட்டு, வழக்கு இன்னும் நடந்துகொண்டிருக்கலாம். அப்படியானால் அடுத்த வாய்தாவுக்கே நேரில் போய், காரணத்தைச் சொல்லி, வழக்கில் சேர்த்துக்கொள்ளும்படி மனுப் போடலாம். இது எளிது, ஒரு நாள்கூடத் தாமதிக்காதீர்கள். இறுதி உத்தரவே பிறந்துவிட்டது என்றால் பாதை வேறு. கீழே சொல்வதெல்லாம் அந்த இரண்டாவது நிலைக்கு.

உத்தரவைக் கையில் வாங்குங்கள்

உறவினர் சொன்னதையோ காவலர் படித்துக் காட்டியதையோ நம்பி எதையும் தொடங்க முடியாது. ஈ-கோர்ட்ஸ் தளத்திலோ கைபேசிச் செயலியிலோ வழக்கு எண் அல்லது தரப்பினர் பெயரைக் கொண்டு தேடுங்கள். ஒவ்வொரு வழக்குக்கும் சி.என்.ஆர். என்ற 16 இலக்க எண் உண்டு. அது கிடைத்தால் எந்த நீதிமன்றம், எந்தெந்தத் தேதியில் என்ன நடந்தது என்ற வரலாறு முழுவதும் தெரியும். பிறகு அந்த நீதிமன்றத்தில் நகல் மனு போட்டு, சான்றிட்ட நகல் வாங்குங்கள். உத்தரவோடு நிறுத்திவிடாமல் மூல மனு, சம்மன் திரும்பிவந்த அறிக்கை, வழக்கின் அன்றாடக் குறிப்பு ஆகியவற்றின் நகலையும் கேளுங்கள். பலர் உத்தரவை மட்டும் வாங்கிக்கொண்டு வந்துவிடுகிறார்கள். ஆனால் உங்கள் மனுவின் உயிர் அந்தச் சம்மன் அறிக்கையில்தான் இருக்கிறது.

நகல் வந்ததும் உட்கார்ந்து நான்கு விஷயங்களை ஒரு தாளில் எழுதுங்கள்: எந்தச் சட்டத்தின் எந்தப் பிரிவில் உத்தரவு, உத்தரவின் தேதி, எந்தத் தேதியிலிருந்து பணம் கட்டச் சொல்லியிருக்கிறார்கள், சம்மன் எப்படிச் சார்பு செய்யப்பட்டதாக, அதாவது உங்களிடம் சேர்க்கப்பட்டதாகச் சொல்லியிருக்கிறார்கள்.

எந்தச் சட்டம் என்பதில்தான் வழி பிரிகிறது

மாதாந்தர ஜீவனாம்ச வழக்குகளில் பெரும்பாலானவை பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125வது பிரிவில் வந்தவை. 2024 ஜூலை 1 முதல் அதன் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா நடைமுறைக்கு வந்தது. அதில் இதே உரிமை 144வது பிரிவில் இருக்கிறது. நீங்கள் இல்லாதபோது விசாரிக்கும் அதிகாரமும், அப்படிப் பிறந்த உத்தரவை நீக்கும் அதிகாரமும் பழைய சட்டத்தில் 126(2), புதிய சட்டத்தில் 145வது பிரிவு. எண் மாறியிருக்கிறதே தவிர, இந்த விஷயத்தில் சாரம் மாறவில்லை. குடும்பநல நீதிமன்றம் இருக்கும் ஊர்களில் அதுவும், இல்லாத இடங்களில் மாஜிஸ்திரேட்டும் இதை விசாரிப்பார்கள்.

இந்து திருமணச் சட்டத்தின் 24 அல்லது 25வது பிரிவிலோ, 1956ஆம் ஆண்டின் இந்து தத்தெடுப்பு மற்றும் ஜீவனாம்சச் சட்டத்திலோ உத்தரவு வந்திருந்தால் அது உரிமையியல் வழி. அங்கே ஒருதலைப்பட்சத் தீர்ப்பாணையை நீக்கக் கேட்பது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 9, விதி 13இன் கீழ். காலம் 30 நாள்தான். சம்மன் முறையாகச் சார்பாகவில்லை என்றால் உங்களுக்குத் தெரியவந்த நாளிலிருந்து அந்த 30 நாள் ஓடும்.

2005ஆம் ஆண்டின் குடும்ப வன்முறைச் சட்டத்தில் மாஜிஸ்திரேட் பிறப்பித்த உத்தரவு என்றால், 29வது பிரிவின்படி செஷன்ஸ் நீதிமன்றத்தில் 30 நாளுக்குள் மேல்முறையீடு. ஒரே தம்பதிக்கு இடையே மூன்று சட்டங்களிலும் வழக்குகள் நடப்பது சாதாரணம். ஒரு வழக்கின் தாளை வைத்துக்கொண்டு இன்னொன்றுக்கு மனுத் தயாரித்து, அந்த இடைவெளியில் 30 நாள் போய்விட்ட கதைகளைப் பார்த்திருக்கிறேன். பிரிவு எண்ணை இரண்டு முறை பாருங்கள்.

இனி நான் விரிவாகச் சொல்வது 125 அல்லது 144வது பிரிவு உத்தரவுகளைப் பற்றி. பெரும்பாலானோர் கையில் இருப்பது அதுதான்.

மூன்று மாதம்

சட்டம் சொல்வது இது: உரிய காரணம் காட்டினால், உத்தரவுத் தேதியிலிருந்து மூன்று மாதத்துக்குள் தாக்கல் செய்யும் மனுவின் பேரில், எதிர்த்தரப்புக்குச் செலவுத்தொகை உள்ளிட்ட நிபந்தனைகளோடு, அந்த உத்தரவை நீக்கலாம். யார் உத்தரவிட்டாரோ அதே நீதிமன்றத்தில்தான் இந்த மனு. குற்றவியல் நீதிமன்றம் ஒருமுறை கையெழுத்திட்ட உத்தரவை எழுத்துப்பிழை, கணக்குப்பிழை தவிர வேறெதற்கும் திருத்தக் கூடாது என்பது பொது விதி. ஜீவனாம்ச வழக்கில் மட்டும் சட்டமே இப்படி ஒரு சாளரத்தைத் திறந்து வைத்திருக்கிறது. அதை வீணாக்காதீர்கள்.

ஒரு கற்பனை வழக்கை வைத்துக்கொள்வோம். மனைவி 2024 ஜூலை 1 அன்று மனுத் தாக்கல் செய்கிறார். 2025 ஜனவரி 6 அன்று, மனுத் தேதியிலிருந்து மாதம் 12,000 ரூபாய் கொடுக்க வேண்டும் என்று ஒருதலைப்பட்ச உத்தரவு. மூன்று மாதம் 2025 ஏப்ரல் 6 அன்று முடிகிறது. அது ஞாயிற்றுக்கிழமை என்பதால் மறுநாள் திங்கட்கிழமை தாக்கல் செய்தாலும் ஏற்பார்கள். ஆனால் கடைசி நாளை நம்பி உட்காராதீர்கள். பக்க எண் விடுபட்டிருக்கிறது, முத்திரைக் கட்டணம் குறைகிறது என்று மனு திரும்பி வருவது அன்றாடம் நடப்பது.

உத்தரவு இருப்பதே தெரியாமல் மூன்று மாதம் கடந்துவிட்டால்? சம்மன் கிடைக்காதவருக்குத் தெரியவந்த நாளிலிருந்தே காலத்தைக் கணக்கிட வேண்டும் என்றும், கால வரையறைச் சட்டத்தின் 5வது பிரிவில் தாமதத்தை மன்னிக்கலாம் என்றும் உயர்நீதிமன்றங்கள் தீர்ப்புச் சொல்லியிருக்கின்றன. மாற்றுக் கருத்துள்ள தீர்ப்புகளும் உண்டு. ஆகவே பாதுகாப்பான வழி இது: தெரியவந்த நாளிலிருந்து கணக்கிட்டு வாதிடும்போதும், கூடவே தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனு ஒன்றையும் சேர்த்தே தாக்கல் செய்யுங்கள். தாமதம் 200 நாள் என்றால் 200 நாளுக்கும் கணக்குச் சொல்ல வேண்டும். தெரிந்த பிறகு சும்மா இருந்த நாட்களை நீதிமன்றம் மன்னிப்பது அரிது.

‘ஏன் வரவில்லை’ என்பதற்கான சான்று

ஒருவர் வேண்டுமென்றே சம்மனைத் தவிர்க்கிறார் அல்லது வேண்டுமென்றே வராமல் இருக்கிறார் என்று நீதிபதிக்குத் திருப்தி ஏற்பட்டால்தான் அவர் இல்லாமல் விசாரிக்கலாம் என்பது சட்டத்தின் சொற்கள். ஆகவே உங்கள் வேலை அந்த ‘வேண்டுமென்றே’ என்ற சொல்லை உடைப்பது.

சம்மன் அறிக்கையை எடுத்து வெளிச்சத்தில் வைத்துப் பாருங்கள். திரும்பிவந்த உறையின் மேல் தபால்காரர் எழுதிய இரண்டு மூன்று சொற்கள் இருக்கும். ‘கதவு பூட்டியிருந்தது’ என்றால் ஒரு கதை. ‘முகவரியில் இல்லை’ என்றால் இன்னொரு கதை. ‘வாங்க மறுத்தார்’ என்றால் முற்றிலும் வேறு கதை. சரியான முகவரிக்கு வந்த பதிவுத் தபாலை வாங்க மறுத்தால், அது கிடைத்ததாகவே நீதிமன்றம் கொள்ளும். அதை உடைக்க, அந்தத் தேதியில் நீங்கள் அந்த ஊரிலேயே இல்லை என்று காட்டியாக வேண்டும். வீட்டில் வேறு யாராவது கையெழுத்துப் போட்டு வாங்கியிருந்தால், அது யார் கையெழுத்து, அவர் உங்களோடு வசிப்பவர்தானா என்று பாருங்கள். பழைய சட்டத்தில் குடும்பத்தின் வயது வந்த ஆண் உறுப்பினரிடம்தான் சம்மனைக் கொடுத்துவிட்டுப் போகலாம்; புதிய சட்டம் அந்த ‘ஆண்’ என்ற சொல்லை எடுத்துவிட்டது. இப்போது உங்கள் தாயோ சகோதரியோ வாங்கினாலும் செல்லும்.

வெளிநாட்டில் வேலை பார்ப்பவர்கள் பாஸ்போர்ட்டில் குடிவரவு முத்திரை உள்ள பக்கங்கள், விசா, வேலை ஒப்பந்தம் ஆகியவற்றின் நகலை வையுங்கள். மருத்துவமனையில் இருந்தவர்கள் அனுமதிக்கப்பட்ட நாளும் விடுவிக்கப்பட்ட நாளும் உள்ள சுருக்கத்தை வையுங்கள். ‘உடல்நலம் சரியில்லை’ என்ற ஒற்றைவரிச் சான்றிதழை நீதிபதிகள் நாள்தோறும் பார்க்கிறார்கள். அதற்கு எடை குறைவு. வீடு மாறியவர்களுக்கு வாடகை ஒப்பந்தம், சமையல் எரிவாயு இணைப்பு மாற்றிய ரசீது, பணி நியமனக் கடிதம் உதவும்.

சம்மன் உண்மையிலேயே கிடைத்திருந்து, பயத்தாலோ ‘சமாதானமாகப் போய்விடும்’ என்று பெரியவர்கள் சொன்னதாலோ போகாமல் இருந்திருந்தால், அதையே சொல்லுங்கள். பேச்சுவார்த்தை நடந்ததற்கான குறுஞ்செய்திகள் இருந்தால் இணையுங்கள். கிடைத்ததைக் கிடைக்கவில்லை என்று பிரமாணப் பத்திரத்தில் எழுதினால், எதிர்த்தரப்பு ஒரே ஒரு வாட்ஸ்அப் செய்தியைக் காட்டி அதைத் தரைமட்டமாக்கிவிடும். அதன்பின் நீங்கள் சொல்லும் உண்மைகூட எடுபடாது.

பிரமாணப் பத்திரத்தை எழுதும் விதம்

நான் அடிக்கடி திருத்தும் ஒரு வகை இது: “எனக்கு எந்தச் சம்மனும் வரவில்லை. எதிர்மனுதாரர் என்னை ஏமாற்றி உத்தரவு பெற்றுவிட்டார். அவர் நடத்தை சரியில்லை. அவர் நன்றாகச் சம்பாதிக்கிறார்.” நான்கு வாக்கியம், தேதி ஒன்றுகூட இல்லை, கேட்ட கேள்விக்குப் பதிலும் இல்லை.

நம் கற்பனை வழக்கில் அதை இப்படி எழுதலாம்: “மூல மனுவில் காட்டியுள்ள திருப்பூர் முகவரியில் நான் 2023 மே மாதம் வரை வாடகைக்கு இருந்தேன். 2023 ஜூன் முதல் ஓசூரில் வேலையில் இருக்கிறேன். வாடகை ஒப்பந்தமும் நியமனக் கடிதமும் இணைத்துள்ளேன். சம்மன் 2024 ஆகஸ்ட் மாதம் பழைய வீட்டுக் கதவில் ஒட்டப்பட்டதாக அறிக்கை உள்ளது. அப்போது அங்கே வேறு குடும்பம் குடியிருந்தது. 2025 மார்ச் 10 அன்று என் அண்ணன் சொல்லித்தான் உத்தரவைப் பற்றி அறிந்தேன். மறுநாள் நகல் மனு போட்டேன். 18ஆம் தேதி நகல் கிடைத்தது. 24ஆம் தேதி இம்மனுவைத் தாக்கல் செய்கிறேன். வராமல் இருந்தது வேண்டுமென்றே அல்ல.” ஒவ்வொரு வாக்கியத்துக்கும் பின்னால் ஒரு தாள் நிற்கிறது. அதோடு, வழக்கை நடத்த உங்களுக்கு நியாயமான எதிர்வாதம் இருக்கிறது என்று இரண்டே வரியில் சொல்லுங்கள்: சம்பளம் இவ்வளவு, கோரிய தொகை அதற்கு மீறியது, வயதான பெற்றோரும் என்னை நம்பி இருக்கிறார்கள் என்பது போல. முழு வாதமும் இங்கே வேண்டாம்.

வெளிநாட்டிலிருந்து மனுச் செய்பவர்கள் பிரமாணப் பத்திரத்தை அங்குள்ள இந்தியத் தூதரகத்தில் சான்றுறுதி செய்து அனுப்பலாம். குடும்பத்தாருக்கு அதிகாரப் பத்திரம் கொடுத்தால், அது இந்தியா வந்து சேர்ந்த மூன்று மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை செலுத்த வேண்டும்.

தாக்கல் செய்ய வேண்டியவை

உத்தரவை நீக்கக் கோரும் மனு, தேவைப்பட்டால் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனு, நிறைவேற்றத்தை நிறுத்திவைக்கக் கோரும் மனு, வக்காலத்து. குடும்பநல நீதிமன்றத்தில் வழக்கறிஞர் வைப்பது தானாக வரும் உரிமை அல்ல. நீதிமன்ற அனுமதி வேண்டும், வழக்கமாகத் தருவார்கள். மூல மனுவுக்கான எதிருரையையும் (எழுத்து மூலமான பதிலையும்) சொத்து, வருமானம், கடன் பற்றிய பிரமாணப் பத்திரத்தையும் கூடவே தயாராக வைத்திருங்கள். 2020 நவம்பர் 4 அன்று ரஜ்னேஷ் எதிர் நேஹா வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தப் பிரமாணப் பத்திரத்தை இரு தரப்புக்கும் கட்டாயமாக்கியது. முதல் நாளே அதை நீட்டுபவர் வழக்கை இழுத்தடிக்க வரவில்லை என்பது நீதிபதிக்குப் புரியும்.

வழக்கறிஞர் வைக்க வசதி இல்லாதவர்கள் மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள். பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கு வருமான வரம்பு பார்க்காமலும், மற்றவர்களுக்கு வருமான வரம்புக்கு உட்பட்டும் இலவசமாக வழக்கறிஞர் நியமிப்பார்கள். தொலைபேசி எண் 15100.

பணத்தைப் பற்றி

இந்தப் பகுதியை நான் எல்லோரிடமும் வலியுறுத்திச் சொல்கிறேன். மனுப் போட்டதால் மட்டும் உத்தரவு நின்றுவிடாது. தடை உத்தரவு கிடைக்கும்வரை ஒவ்வொரு மாதமும் தொகை ஏறிக்கொண்டே இருக்கும். நம் வழக்கில் 2024 ஜூலை முதல் 2025 மார்ச் வரை 9 மாதம். பாக்கி 1,08,000 ரூபாய். கட்டாவிட்டால் பிடியாணை பிறப்பித்து வசூலிக்கலாம். அதன் பிறகும் பாக்கி நின்றால் ஒவ்வொரு மாதப் பாக்கிக்கும் ஒரு மாதம் வரை சிறை. சிறைக்குப் போய் வந்தாலும் கடன் தீராது என்று உச்ச நீதிமன்றம் 1989இலேயே சொல்லிவிட்டது.

ஆகவே முடிந்த ஒரு தொகையைக் கட்டிவிட்டு நீதிமன்றத்துக்குப் போங்கள். மனைவியின் வங்கிக் கணக்குக்கு அனுப்பி, எந்த மாதத்து ஜீவனாம்சம் என்று குறிப்பில் எழுதுங்கள். அல்லது நீதிமன்றத்தில் செலுத்துங்கள். கையில் ரொக்கமாகக் கொடுக்காதீர்கள். பின்னால் நிரூபிக்க முடியாது. வழக்கு ஒரு பக்கம் நடக்கட்டும். குழந்தையின் பள்ளிக் கட்டணமும் வீட்டு வாடகையும் உங்கள் வாய்தா தேதிக்காகக் காத்திருக்கா. உத்தரவை எதிர்க்கும் உரிமை உங்களுக்கு உண்டு. அதுவரை அவர்களைப் பட்டினி போடும் உரிமை இல்லை. இதைச் சொன்னால் சிலருக்குக் கோபம் வருகிறது. ஆனாலும் சொல்லத்தான் வேண்டும்.

பிடியாணை ஏற்கெனவே வந்துவிட்டது என்றால் ஓடி ஒளியாதீர்கள். வழக்கறிஞரோடு நேரில் ஆஜராகி, ஒரு பகுதியைக் கட்டி, பிடியாணையைத் திரும்பப் பெறும்படி மனுக் கொடுங்கள். வேலையை ராஜினாமா செய்வது, சொத்தைத் தம்பி பெயருக்கு மாற்றுவது போன்ற யோசனைகளை யார் சொன்னாலும் கேட்காதீர்கள். நீதிபதி உங்கள் தகுதியையும் பழைய வருமானத்தையும் வைத்தே கணக்கிடுவார். போதாக்குறைக்கு உங்கள் நேர்மையின் மீதும் சந்தேகம் விழும்.

விசாரணையும் நிபந்தனையும்

எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் போகும்; அவர் எதிருரை போடுவார்; இரு பக்கமும் வாதம். நியாயமான காரணம் இருந்தாலும் பெரும்பாலும் நிபந்தனையோடுதான் அனுமதிப்பார்கள்: பாக்கியில் பாதி, அதாவது 54,000 ரூபாயை இந்தத் தேதிக்குள் கட்ட வேண்டும், தவறினால் மனு தள்ளுபடி என்பது போல. அந்தத் தேதியை வீட்டுச் சுவரில் எழுதி ஒட்டுங்கள். நல்ல வழக்குகள் இந்த இடத்தில்தான் ஒரே நாள் தாமதத்தில் சாகின்றன. கட்டவே முடியாத தொகை என்றால், தேதி முடிவதற்கு முன்பே சம்பளச் சீட்டோடு போய்க் கால நீட்டிப்புக் கேளுங்கள்.

மனு தள்ளுபடியானால், அந்த உத்தரவு சரிதானா என்று மேல் நீதிமன்றத்தைப் பார்க்கச் சொல்லும் சீராய்வு மனு. குடும்பநல நீதிமன்ற உத்தரவு என்றால் 1984ஆம் ஆண்டின் குடும்பநல நீதிமன்றச் சட்டம் 19(4)இன்படி உயர்நீதிமன்றத்தில், உங்கள் மாவட்டத்தைப் பொறுத்துச் சென்னையிலோ மதுரைக் கிளையிலோ. மாஜிஸ்திரேட் உத்தரவு என்றால் செஷன்ஸ் நீதிமன்றத்திலும் சீராய்வு கேட்கலாம். காலம் 90 நாள். நகல் வாங்க ஆன நாட்களைக் கழித்துக்கொள்ளலாம். கீழ் நீதிமன்றத்தில் நீக்கல் மனுவே போடாமல் நேராக உயர்நீதிமன்றத்துக்கு ஓடினால், ‘முதலில் அங்கே போங்கள்’ என்று திருப்பி அனுப்புவதே வழக்கம். வேலை போய்விட்டது, உடல் முடங்கிவிட்டது என்பன போன்ற பிந்திய மாற்றங்களுக்கு வேறு மனு இருக்கிறது: பழைய 127, புதிய 146வது பிரிவு. அதில் தொகையைக் குறைக்கக் கேட்கலாம். உத்தரவை நீக்கக் கேட்கும் மனுவோடு இதைக் குழப்ப வேண்டாம்.

உத்தரவைப் பெற்றவர் நீங்கள் என்றால்

உத்தரவை நீக்கக் கோரிக் கணவர் போட்ட மனுவின் நோட்டீஸ் வந்ததும் எல்லாம் போய்விட்டது என்று மனம் தளர வேண்டாம். கணவருக்கு வழக்கு தெரியும் என்பதைக் காட்டும் செய்திகள், அவர் அந்த முகவரியில்தான் இருந்தார் என்பதற்கான ஆதாரம் ஆகியவற்றோடு எதிருரை போடுங்கள். நீக்கினாலும் பாக்கியில் கணிசமான பகுதியைக் கட்டும் நிபந்தனையோடும், நீங்கள் அலைந்த செலவோடும் மட்டுமே நீக்க வேண்டும் என்று கேளுங்கள். சட்டமே அதற்கு இடம் தருகிறது. வழக்கு மீண்டும் தொடங்கினால் அன்றே இடைக்கால ஜீவனாம்ச மனுவை எடுத்து விசாரிக்கும்படி வற்புறுத்துங்கள். நோட்டீஸ் சார்பானதிலிருந்து 60 நாளுக்குள் முடிந்தவரை அதை முடிக்க வேண்டும் என்று சட்டம் சொல்கிறது. இன்னொன்று: ஒவ்வொரு மாதப் பாக்கியும் கட்ட வேண்டிய நாளிலிருந்து ஓராண்டுக்குள் வசூல் மனுப் போட்டாக வேண்டும். அவர் மனு நிலுவையில் இருக்கிறதே என்று காத்திருந்து அந்த ஓராண்டை இழந்துவிடாதீர்கள்.

நீக்கிய பிறகு

உத்தரவு நீங்கினால் வழக்கு உங்கள் எதிருரை நிலைக்குத் திரும்பும், அவ்வளவுதான். மனைவி சம்பாதிக்கிறார், தகுந்த காரணமில்லாமல் சேர்ந்து வாழ மறுக்கிறார் என்ற வாதங்களையெல்லாம் இனிதான் சாட்சியத்தோடு எடுத்து வைக்க வேண்டும். குழந்தையின் ஜீவனாம்சத்தை மறுக்க அந்த வாதங்கள் எதுவும் உதவாது. எதிருரையை முதல் வாய்தாவிலேயே தாக்கல் செய்யுங்கள். குறுக்கு விசாரணைக்கு வழக்கறிஞரைத் தயாராக வரச் சொல்லுங்கள். நீங்கள் கட்டிய ஒவ்வொரு ரூபாய்க்கும் ரசீதைக் கோப்பில் வைத்து, இறுதித் தொகையில் கழிக்கும்படி எழுத்தில் கேளுங்கள். புதிய முகவரியையும் கைபேசி எண்ணையும் நீதிமன்றத்தில் எழுதிக் கொடுத்துவிடுங்கள். இரண்டாம் முறை வராமல் போனால், அதே நீதிபதி முன் காட்ட இன்னொரு காரணம் கிடைப்பது மிகக் கடினம்.